பார்ப்பவரும் பார்க்கப்படுபவரும்

மானிடவியலைப் பாடமாக எடுத்துக்கொண்ட பங்கு இளைஞர்கள் சிலர், "முதலில் எந்த நூலைப் படிக்கலாம், சாமி?" என்று நம்மிடம் கேட்பதுண்டு. புதுச்சேரியில் பணியாற்றும் குருவின் நாவில் உடனே எழும் பெயர் அபே துபுவா. குருமட நாட்களில் அவருடைய நூலைப் பெருமிதத்தோடு படித்தவர்கள் நாம். இன்று அதே நூலைப் புதிய மாணவரின் கையில் கொடுக்குமுன் தயங்குகிறோம். தயக்கத்தின் காரணத்தைச் சொல்வது நம் கடமை.

பாரிஸ் வேதபோதக சபைக் குருவான துபுவா 1792-இல் இந்தியா வந்தார். பெரும்பாலும் மைசூர் நாட்டில் உழைத்து, 1823-இல் பிரான்சு திரும்பினார். இந்நாட்டு உடையை அணிந்து, இந்நாட்டு வழக்கங்களைக் கைக்கொண்டு வாழ்ந்தவர். இந்துக்களின் பழக்கவழக்கங்களையும் சடங்குகளையும் பற்றிய அவருடைய கையெழுத்துப் படியைக் கிழக்கிந்தியக் கம்பெனி விலை கொடுத்து வாங்கியது. அதன் ஆங்கில ஆக்கம் 1816-இல் இலண்டனில் வெளிவந்தது. சாதி ஒழுங்கு, திருமணம், உணவு விலக்கு, ஈமச் சடங்கு என்று அந்நூல் தொடாத பொருள் குறைவு. ஆளுகின்றவருக்கு உதவும் நூல் என்றே அது மதிக்கப்பட்டது. மானிடவியல் மாணவர் மனத்தில் இருத்த வேண்டிய முதற்செய்தி இது: யாருடைய பயனுக்காக ஒரு மக்களினம் விவரிக்கப்படுகிறது?

இரண்டாவது செய்தி இன்னும் கசப்பானது. சில்வியா முர் என்னும் பிரெஞ்சு ஆய்வாளர் 1987-இல் வெளியிட்ட ஆய்வு, துபுவா நூலின் பெரும்பகுதி அவருடைய சொந்த உழைப்பன்று என்று காட்டியது. அதன் மூலம், இயேசு சபைக் குரு கேர்தூ எழுதிவைத்ததும், தெவோ என்னும் பிரெஞ்சுப் படை அதிகாரி 1777-இல் தொகுத்தமைத்ததுமான ஒரு கையெழுத்துப் படி. ஏடுகளை எடுத்தாளுதல் அக்கால வழக்கமே என்று சிலர் சமாதானம் கூறலாம். ஆயினும் கேர்தூவுக்குத் தாம் பட்ட கடனைத் துபுவா சொல்லவில்லை. ஏழாம் கட்டளையைப் பிறருக்குப் போதிக்கும் நாம் இதை மூடிமறைத்தல் முறையாகாது. தவிரவும், ஒருவர் ஒரு காலத்தில் ஓரிடத்தில் கண்டதை, மற்றொருவர் வேறொரு காலத்தில் வேறோரிடத்தில் கண்டதாக மாணவர் நம்பிவிட்டால், அவர் கட்டும் முடிபுகள் அனைத்தும் பழுதாகும்.

அப்படியானால் கேர்தூவையே முதல் ஆசானாகக் கொள்ளலாமா? அவர் பேரறிஞர் என்பதில் ஐயமில்லை. சோழமண்டலக் கரையின் சாயத் துணி வேலையை, அத்தொழில் அறிந்தவர்களிடமே கேட்டு, படிப்படியாகக் கடிதங்களில் விவரித்தார். சமஸ்கிருதம் இலத்தீனோடும் கிரேக்கத்தோடும் உறவுடையது என்பதை வில்லியம் ஜோன்சுக்கு முன்பே, 1767-இல், பாரிசிலுள்ள அறிஞர் அவைக்கு எழுதி அனுப்பினார். 1779-இல் நம் புதுச்சேரி மண்ணிலேயே கண்மூடினார்.

இதே கேர்தூவை மற்றொருவரின் கண்ணும் பார்த்துக்கொண்டிருந்தது. துய்ப்ளேயின் துப்பாசியான ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு 1736-இல் தொடங்கி 1761 வரை செல்கிறது. ஆங்கிலேயரின் முற்றுகை நடந்த 1748-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில், சம்பா கோவிலை அடுத்திருந்த வேதபுரீசுவரர் ஆலயம் இடிக்கப்பட்டதை அது விரிவாகச் சொல்கிறது. சம்மட்டியோடு வந்து இலிங்கத்தைக் காலால் உதைத்து உடைத்தவர் கேர்தூ என்றும் அது பதிந்து வைத்திருக்கிறது. நம்மை நாணச் செய்யும் பக்கங்கள் அவை. ஒரு சமயத்தின் சடங்குகளை நுணுக்கமாக எழுதத் தெரிந்த கை, அச்சமயத்தவரின் உள்ளத்தை மதிக்கத் தவறியது. அறிதல் வேறு, மதித்தல் வேறு என்பதை எந்தப் பாடநூலும் இத்துணைத் தெளிவாகக் கற்பிக்காது.

பிள்ளையின் ஏடும் ஐயத்துக்கு அப்பாற்பட்டதன்று. அவருக்கும் சாதிப் பற்று உண்டு; குருக்களோடும் கிறிஸ்தவரான போட்டியாளரோடும் பகை உண்டு. 1745-இல், நம் கோவிலுக்குள்ளேயே சாதிக் கிறிஸ்தவரையும் ஒடுக்கப்பட்ட கிறிஸ்தவரையும் பிரித்து நின்ற சுவரைப் பற்றியும், ஒடுக்கப்பட்டோர் முறையிட்டபின் அது இடிக்கப்பட்டதைப் பற்றியும் அவர் எழுதுகிறார். முறையிட்டவர்களின் குரல் அவருடைய எழுதுகோல் வழியாகவே நம்மை எட்டுகிறது. அவர்கள் தாங்களே எழுதிய ஏடு நம் கையில் இல்லை. அந்த வெற்றிடத்தை உணர்வதும் மானிடவியலின் பாடமே.

தம் சாட்சியத்தின் எல்லையைத் தாமே ஒப்புக்கொள்ளும் நூல் ஒன்றும் வேண்டும். துபுவா உழைத்த அதே மைசூர் நாட்டில் 1948-இல் ஒரு சிற்றூரில் தங்கி ஆய்ந்தவர் எம். என். சீனிவாஸ். 1970-இல் அமெரிக்காவில் நேர்ந்த தீயில் அவருடைய ஆய்வுக் குறிப்புகள் எரிந்தன. நினைவைத் துணைக்கொண்டு அவர் எழுதிய 'நினைவில் நிற்கும் கிராமம்' என்னும் ஆங்கில நூல் 1976-இல் வெளிவந்தது. தாம் ஊர்த்தலைவரின் ஆதரவில் தங்கியிருந்ததையும், அதனால் மேல்சாதியாரின் பார்வை தம்மிடம் படிந்ததையும் அவர் மறைக்கவில்லை. துபுவாவிடம் நாம் தேடிக் காணாத நேர்மை இங்கே கிடைக்கிறது.

எனவே நம் இளைஞர்களுக்கு நாம் சொல்லும் வரிசை இதுவே. கலைச்சொற்களும் கோட்பாடுகளும் அறிய, நம் ஊரிலேயே பணியாற்றிய பக்தவத்சல பாரதியின் 'பண்பாட்டு மானிடவியல்' தமிழிலேயே உண்டு. அதனோடு பிள்ளையின் நாட்குறிப்பில் நம்மைப் பற்றிய பக்கங்களை முதலில் படியுங்கள். அடுத்து சீனிவாசைப் படியுங்கள். துபுவாவை இறுதியில், ஐயத்தோடு படியுங்கள்; ஒதுக்கிவிட வேண்டாம். பிறரைப் பற்றி எழுதப் புறப்படுகிறவர், பிறர் தம்மைப் பற்றி எழுதியதை முதலில் படித்தல் நலம். பாவசங்கீர்த்தனத் தொட்டியில் அமரும் குருவும் முதலில் தாமே முழந்தாளிட்டுத் தம் பாவத்தைச் சொல்லியாக வேண்டுமல்லவா?