திறந்த மைக், கேட்கப்படாத கேள்வி

அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில், வர்ஜீனியா எல்லையை ஒட்டிய சிற்றூர் மவுண்ட் ஏரி. மக்கள்தொகை ஏறத்தாழ பத்தாயிரம். 1948 பிப்ரவரியில் ரால்ஃப் எப்பர்சன் என்பவர் அங்கே டபிள்யூ.பி.ஏ.க்யூ. என்ற மத்திய அலை வானொலி நிலையத்தைத் தொடங்கினார். 740 கிலோஹெர்ட்ஸ். சனிக்கிழமைதோறும் அது நேரலையாக ஒலிபரப்பும் 'மெர்ரி-கோ-ரவுண்ட்' இசை நிகழ்ச்சிக்கும் நிலையத்தின் வயதுதான். சிற்றூர் வானொலி எதைச் சாதிக்கும், எதில் சறுக்கும் என்று எடைபோட இந்த நிலையம் நல்ல தொடக்கம்.

மவுண்ட் ஏரியை அடுத்த ரவுண்ட் பீக் பகுதிக்கு ஃபிடிலும் பேஞ்சோவும் இணைந்து ஒலிக்கும் தனி வாசிப்புப் பாணி உண்டு. அதில் பேர்பெற்ற டாமி ஜாரெல் 1982இல் அமெரிக்காவின் தேசிய மரபுக்கலை விருது பெற்றவர். ஆனால் வயிற்றுப்பாட்டுக்கு அவர் செய்தது சாலைத் துறையில் கிரேடர் ஓட்டும் வேலை. இப்படி வேலை முடிந்து வந்து வாசிக்கும் கலைஞர்களை நாஷ்வில் நகரின் பெரிய இசைத்தொழில் எளிதில் கண்டுகொள்வதில்லை. எப்பர்சனின் நிலையம் அவர்களுக்கு மைக்கைத் திறந்துவைத்தது. அன்று பதிவானவற்றில் சிலவற்றை ரவுண்டர் இசைப்பதிவு நிறுவனம் 1999இல் குறுந்தகடாக வெளியிட்டபோது, உள்ளூர்ப் பொழுதுபோக்கு என்று கருதப்பட்டது ஒரு பண்பாட்டு ஆவணம் என்பது வெளியுலகுக்குத் தெரிந்தது.

இசைக்கு வெளியே, அமெரிக்கச் சிற்றூர் நிலையங்கள் பலவற்றுக்கும் பொதுவான நிகழ்ச்சிகள் சில உண்டு. காலையில் இறப்புச் செய்தி, பனிக்காலத்தில் பள்ளி விடுமுறை அறிவிப்பு, வெள்ளி இரவில் உயர்நிலைப் பள்ளி அமெரிக்கக் கால்பந்து வருணனை. இவற்றோடு 'ஸ்வாப் ஷாப்': நேயர்கள் தொலைபேசியில் வந்து விற்பதையும் தேடுவதையும் சொல்வார்கள். பாதி தேய்ந்த நாலு டயர், முட்டையிடும் கோழி, யாராவது எடுத்துக்கொண்டு போனால் போதும் என்கிற நாய்க்குட்டிகள். அழைத்தவர் தன் எண்ணைச் சொல்ல, அறிவிப்பாளர் அதை நிதானமாக இன்னொரு முறை படிப்பார். கேட்பவர் பேனா தேடுகிறார் என்பது அவருக்குத் தெரியும். ஆளை அறிந்து பேசும் இந்த நெருக்கம்தான் இவ்வகை வானொலியின் மூலதனம்.

குறையும் அந்த நெருக்கத்திலேயே பிறக்கிறது. விளம்பரம் தருபவர்கள் ஊரின் இரும்புக்கடைக்காரர், கார் விற்பனையாளர், இறுதிச் சடங்கு நிறுவனத்தார். ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்தில் அறிவிப்பாளரின் பக்கத்து இருக்கையில் இருப்பவரும் அவர்களில் ஒருவராக இருக்கலாம். நகர மன்றம் அவர்களில் ஒருவருக்கு நிலத்தைச் சல்லிசாகக் கொடுத்தால், 'ஏன்?' என்று மைக்கில் கேட்பது யார்? மன்றக் கூட்டம் எத்தனை மணிக்கு என்று சொல்வது எளிது. அங்கே எடுத்த முடிவைக் கிளறுவது வருமானத்தில் கைவைக்கும் காரியம். ஆகவே அறிவிப்பு பெருகி, கேள்வி அருகிப்போகிறது.

மைக்கின் கதவைத் திறந்துவைப்பதற்கும் ஓர் எல்லை உண்டு. கதவு இருப்பது தெரிந்தவர்தான் அதைத் தட்டுவார். அண்மையில் குடியேறியவர், இரவுப் பணிக்காரர், ஊர்ப் பேச்சுவழக்கு கைவராதவர் ஆகியோர் தாமாக மைக்குக்கு வரமாட்டார்கள். அவர்களைத் தேடிப் போக வேண்டும். உள்ளூர்ப் பிரச்சினைகளுக்காக ஒலிபரப்பிய முக்கிய நிகழ்ச்சிகளை மூன்று மாதத்துக்கு ஒரு முறை பட்டியலிட்டுப் பொதுக் கோப்பில் வைக்கும்படி கூட்டாட்சித் தொடர்பு ஆணையம் நிலையங்களைப் பணித்திருக்கிறது. பட்டியல் இருக்கிறதா என்று சரிபார்ப்பது சுலபம். அதில் யார் குரல் இல்லை என்று பார்ப்பவர் அரிது.

இயற்பியலும் கைகொடுப்பதில்லை. இரவில் மத்திய அலை அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்பித் தொலைதூரம் பாயும். 740 கிலோஹெர்ட்ஸில் முன்னுரிமை டொராண்டோ நிலையத்துக்கு. எனவே பகலில் 10,000 வாட்டில் முழங்கும் மவுண்ட் ஏரி நிலையம், இரவில் சக்தியைப் பெருமளவு குறைத்தாக வேண்டும். குளிர்காலத்தில், ஊர் வேலை முடிந்து வீடு திரும்பும் நேரத்திலேயே நிலையத்தின் குரல் சுருங்கிவிடுகிறது.

இத்தனை குறை இருந்தால் பெரிய நிறுவனங்களிடமே விட்டுவிடலாமே என்பவர்களுக்கு வட டக்கோட்டாவின் மைனாட் நகரம் பதில் சொல்லும். ஒரு நிறுவனம் நாடு முழுக்க இத்தனை நிலையங்கள்தான் வைத்திருக்கலாம் என்ற உச்சவரம்பை 1996ஆம் ஆண்டுச் சட்டம் நீக்கியது. மைனாட்டில் ஆறு வணிக நிலையங்கள் கிளியர் சேனல் நிறுவனத்தின் கைக்குப் போயின. 2002 ஜனவரி 18 அதிகாலையில் அங்கே சரக்கு ரயில் தடம்புரண்டு அமோனியா நச்சுப்புகை பரவியது. ஒருவர் இறந்தார். அந்த நிலையங்களில் ஒன்றை அழைத்தோம், எடுக்க ஆளில்லை என்றது காவல்துறை. அவசர எச்சரிக்கைக் கருவியைக் காவல்துறை முறையாகப் பயன்படுத்தவில்லை என்றது நிறுவனம். யார் சொன்னது சரியானாலும், ஆபத்து வேளையில் ஊருக்கு வேண்டிய குரல் வானொலியில் வரவில்லை. அதன் பிறகும், ஒலிபரப்பும் ஊர்ப் பகுதியில் முதன்மை ஒலிப்பதிவுக்கூடம் இருந்தாக வேண்டும் என்ற விதியை 2017இல் ஆணையம் கைவிட்டது.

எனவே என் தீர்ப்பு இது: ஆள் இருக்கும் சிறிய நிலையம், ஆளில்லாத பெரிய வலைப்பின்னலை விட எந்நாளும் மேல். ஆனால் ஆள் இருந்தால் மட்டும் போதாது. டயர் விற்பவரின் எண்ணை இரண்டு முறை படிக்கும் அக்கறையோடு, நகர மன்றத்தின் செலவுக் கணக்கையும் வாரம் ஒரு மணி நேரம் படித்து, உறுப்பினரை அழைத்து விளக்கம் கேட்க வேண்டும். அந்த ஒரு மணி நேரத்தை எந்த விளம்பரதாரரின் தயவுக்கும் விடாமல், நேயர்களின் சிறு சந்தாவில் நடத்தலாம். ஊரின் இசைக்கு மைக் கொடுத்தது சாதனை. ஊரின் அதிருப்திக்கும் அதைக் கொடுக்கும் நிலையத்தைத்தான் முழுமையான ஊர் வானொலி என்று ஒப்புக்கொள்ள முடியும்.