மங்கட ரவிவர்மாவின் ஒளிப்பதிவு: எல்லையும் பார்வையும்

முன்னுரை

மலையாள மாற்றுத் திரைப்படம் குறித்த திறனாய்வுகள் பெரிதும் இயக்குநரை மையமிட்டே அமைந்துள்ளன. ‘சுயம்வரம்’ (1972) முதல் ‘கதாபுருஷன்’ (1995) வரை அடூர் கோபாலகிருஷ்ணனின் முழுநீளக் கதைப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த மங்கட ரவிவர்மாவின் (1926–2010) பங்களிப்பு, அதனால் இயக்குநரின் பாணிக்குள் அடங்கியதாகவே கருதப்படுகிறது. அவ்விருவரின் பங்கினையும் படங்களின் வழியே பிரித்தறிய இக்கட்டுரை முயல்கிறது.

எல்லைக்குள் நிற்கும் கேமரா

‘சுயம்வரம்’ திரைப்படத்தின் இறுதியில், கணவனை இழந்த சீதா கைக்குழந்தையோடு தனித்திருக்கக் கதவு தட்டப்படுகிறது. தட்டுபவர் யார் என்பதைக் கேமரா வெளியே சென்று காட்டுவதில்லை. ‘எலிப்பத்தாய’த்தில் (1981) பார்வையாளர் முதலில் காண்பது மாந்தரை அன்று, பழைய தறவாட்டின் உறுப்புகளையே. இரவில் வெளியே ஓசை கேட்டும் உண்ணி எழுந்து செல்வதில்லை. அவன் காண மறுக்கும் இருளின் முன் கேமராவும் அடங்கி நிற்கிறது. ‘மதிலுக’ளில் (1990) நாராயணி ஒருமுறையேனும் திரையில் தோன்றுவதில்லை. மதிலுக்கு மேலே எழும் சுள்ளியும் அப்பாலிருந்து வரும் குரலுமே அவளது இருப்பை உணர்த்துகின்றன. இம்மூன்று படங்களிலும் கேமரா, மாந்தர் காணும் எல்லையைத் தாண்ட மறுக்கிறது.

இப்பண்பு யாருடையது?

இவ்வெல்லை திரைக்கதையிலேயே வகுக்கப்பட்டது என வாதிட இடமுண்டு. அடூருடன் இணைவதற்கு முன், பி. என். மேனனின் ‘ஓளவும் தீரவும்’ (1970) படத்திற்கு ரவிவர்மா ஒளிப்பதிவு செய்தார். பெரும்பகுதி வெளிப்புறத்திலேயே உருவான அப்படத்தில் ஆறும் கரையும் கதையின் களங்களாகத் திகழ்கின்றன. அங்கே மதிலோ மூடிய கதவோ மையப் படிமம் ஆவதில்லை. எனவே அடைபட்ட வெளி என்பதை ஒளிப்பதிவாளரின் தனி முத்திரையாகக் கொள்ள இயலாது. ஆயினும் இடத்தை மாந்தரின் பின்னணியாகச் சுருக்காமல், அவர்தம் வாழ்வை இயக்கும் ஆற்றலாகக் காணும் பார்வை அப்படத்திலேயே காணப்படுகிறது. எல்லையை வகுத்தவர் இயக்குநர் எனினும், அவ்வெல்லைக்கு உட்பட்ட இடத்திற்கு உயிரளித்தது ஒளிப்பதிவே.

‘எலிப்பத்தாய’த்தின் வண்ணத்திட்டம் இதற்குச் சான்றாகும். சகோதரியருள் ஸ்ரீதேவிக்குச் சிவப்பும் ராஜம்மாவுக்கு நீலமும் உரியனவாக அமைகின்றன. வகுத்தவர் யாராயினும் இத்திட்டம் ஆடையோடு நின்றிருந்தால் வெறும் குறியீடாகவே எஞ்சியிருக்கும். வீட்டின் மங்கிய உட்புறம் அந்நிறங்களை மெல்ல விழுங்குவது போல் தோன்றும்போதுதான், அவை மாந்தரின் கதியாக மாறுகின்றன.

முடிவுரை

‘சுயம்வர’த்திற்காகக் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைப் பெற்ற ரவிவர்மாவை, திறமை மிக்க தொழில்நுட்பக் கலைஞர் என்று மட்டும் மதிப்பிடுவது போதாது. ஒரே இயக்குநரின் படங்களை மட்டும் வரிசையாகப் பயிலும்போது ஒளிப்பதிவாளரின் பார்வை மறைந்துவிடுகிறது. பிற இயக்குநர்களுடன் அவர் ஆக்கிய படங்களோடு ஒப்பிடும்போதே அது புலனாகிறது. அரவிந்தனின் ‘உத்தராயணம்’ உள்ளிட்ட படங்களை இவ்வொப்பீட்டில் இணைப்பது, மாற்றுத் திரைப்பட ஆய்வில் ஆக்கியோன் என்னும் கருத்தாக்கத்தையே மறுபரிசீலனை செய்ய வழிவகுக்கும்.