பெயர் மாறிய ஊரின் படச்சுருள்கள்

ஓசூரைப் பற்றி ஆவணப்படம் எடுக்க முனைபவர்களிடம் அடிக்கடி எழும் குறை, பழைய காட்சிகளே கிடைப்பதில்லை என்பது. கிடைக்காமல் போவதற்கு முதற்காரணம் பெயர் என்றே நினைக்கிறேன். ஓசூர் இருக்கும் கிருஷ்ணகிரி மாவட்டம் 2004 பிப்ரவரியில்தான் பிறந்தது. அதற்குமுன் அது தருமபுரி மாவட்டம், 1965க்கு முன் சேலம். ஊரை ஒட்டிய எல்லைக்கு அப்பால், 1973 நவம்பர் வரை இன்றைய கர்நாடக மாநிலத்தின் பெயரே மைசூர். கிருஷ்ணகிரி அணை 1957ல் திறக்கப்பட்டபோது யாரேனும் படம் பிடித்திருந்தால், பெட்டியின் மேல் சேலம் என்றுதான் எழுதியிருப்பார். ஓசூரை அடுத்த தொரப்பள்ளியில் பிறந்த ராஜாஜி 1948 ஜூனில் கவர்னர் ஜெனரலாகப் பதவியேற்ற காட்சியைத் தேடுபவர் ஓசூரை மறந்துவிட்டு டெல்லியைத்தான் தேடவேண்டும். பழங்காட்சி தேடித் தருபவரின் தொழில், அந்த வகையில், பாதி வரலாற்று நிலவியல்.

மீதிப் பாதி பொறுமை. பட்டியலில் ஒரு வரிக் குறிப்பைக் கண்டுபிடித்து, மங்கலான மாதிரிப் பிரதியை ஓடவிட்டு, வேண்டிய நொடிகளைக் குறித்து, உரிமை யாரிடம் என்று விசாரித்து, கட்டணம் பேசி, கடைசியில் ஸ்கேன் செய்த பிரதியை வாங்கவேண்டும். தமிழில் இதற்கு முன்னோடி ஏ.கே. செட்டியார். 1940ல் வெளியான காந்தி படத்துக்காகச் சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்து, கண்டம் கண்டமாகச் சிதறிக் கிடந்த ஏறத்தாழ 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். அவர் கையில் கணினி இல்லை. எந்த நாட்டில் யாரைக் கேட்கவேண்டும் என்பதைக் கடிதம் எழுதியே தெரிந்துகொண்டார்.

எல்லாவற்றையும் டிஜிட்டலாக்கினால் தேடல் தானாக நடக்குமே என்பார்கள். முகத்தை எந்திரம் அடையாளம் காணலாம். ஆனால் 1960களின் ஒரு சாலையோரப் புளியமரம் ஓசூரிலா எல்லை தாண்டிய அத்திப்பள்ளியிலா என்பதை, பெட்டிமேல் ஒட்டிய சீட்டு பிழையாக இருந்தால், அதுவும் பிழையாகவே திருப்பிச் சொல்லும். இன்னொரு வாதம் இதைவிடக் கூர்மையானது: ஏதோ ஒரு பழைய தொழிற்சாலையைக் காட்டினால் போதாதா, யாருக்குத் தெரியப்போகிறது? படம் பேசும் ஆலையில் முப்பது வருடம் ஷிப்ட் பார்த்தவருக்குத் தெரியும். இயந்திரமே வேறு என்று அவர் சொன்ன கணத்தில் படம் சான்று என்ற தகுதியை இழந்துவிடுகிறது. காட்சி வெறும் அலங்காரம் என்றால் அதற்கு ஏன் ஆவணப்படம் என்று பெயர்?

உரிமைச் சிக்கல் பலர் அஞ்சுவதைவிட எளிது, பலர் நம்புவதைவிடக் கடினம். இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்குக் காப்புரிமை வெளியீட்டுக்குப்பின் 60 ஆண்டு. 1960ல் வந்த செய்திப்படம் 2020 முடிவோடு பொதுவாகிவிட்டது. ஆனால் சுருளை வைத்திருப்பவர் பிரதி தராவிட்டால் அந்தச் சுதந்திரத்தால் பயனில்லை. ஓசூரின் அசல் கதையோ அதற்குப் பிந்தியது. டிவிஎஸ் 50 மொபெட்டும் அசோக் லேலண்ட் ஆலையும் 1980ல் வந்தவை. டைட்டன் அதே பத்தாண்டின் பிற்பகுதி. 1980ல் வெளியான படம் எதுவும் 2040 முடியும்வரை காப்புரிமைக்குள் இருக்கும். அக்காலத்து விளம்பரங்களிலும் பயிற்சிப்படங்களிலும் பல யூமேட்டிக் போன்ற காந்தநாடாக்களில் பதிவானவை. அவற்றை ஓட்டும் கருவிகளின் உற்பத்தி நின்று பல காலமாகிறது. அதனால் இன்று ஓசூருக்குக் காட்சி தேடுபவர் அரசுக் கிடங்குக்கு முன்னால் ஆலையின் விளம்பரப் பிரிவு அலமாரியை விசாரிக்கவேண்டும், கூடவே நாடா ஓடும் ஒரு பழைய பிளேயரையும்.