தோட்டக் கதைகளில் காணாமற்போன சிறுவன்

திருக்குறளின் 93ஆம் அதிகாரம் கள்ளுண்ணாமை. முப்பதாண்டுகளாக இதனை மாணவர்க்குக் கற்பித்து வருகிறேன். பொருள் கூறுவதும், மனனம் செய்விப்பதும், பேச்சுப் போட்டிக்கு அதிலிருந்து இரண்டு பாக்களை எடுத்துக் கொடுப்பதும் பழக்கமாகிப் போன பின்னர், ஒருநாள் அப்பத்துப் பாக்களிலும் யார் யார் வருகின்றனர் என்று எண்ணிப் பார்த்தேன். பெற்ற தாய் வருகிறாள். சான்றோர் வருகின்றனர். நாணம் என்னும் நற்பெண் முதுகு காட்டிச் செல்கிறாள். மறைவாகக் குடிப்பவனைக் கண்டு நகைக்கும் உள்ளூரார் வருகின்றனர். நீரில் மூழ்கியவனை விளக்கேந்தித் தேடும் ஒருவனும் உவமையாக வருகிறான். சிறுவன் மட்டும் வரவில்லை. குடிப்பவனுக்குத் தாய் உண்டு, மகன் இல்லை.

இதனை வள்ளுவர் மீது குற்றமாகச் சொல்வதற்கில்லை. பொருட்பாலில் நின்று பேசும் அவர், நாட்டையும் அவையையும் தாங்கும் முதியோரை நோக்கிப் பேசுகிறார். அவருக்கு முற்பட்ட சங்கப் பாடல்களிலும் கள் பெரியோர் நடுவில்தான் புழங்குகிறது. அதியமான் மறைந்தபோது ஔவையார் அழுத அழுகையில், கள்ளைப் பகிர்ந்து உண்ட நட்பும் ஓர் இழப்பாக இடம்பெறுகிறது. அங்கும் குடிப்போர் அறிவு முதிர்ந்தோரே. ஆனால், இந்நூற்றாண்டில் குவாலா சிலாங்கூர் வட்டாரத்துத் தோட்டப் பள்ளியொன்றில் அவ்வதிகாரத்தைக் கற்பிக்கும் ஆசிரியரின் முன் அமர்ந்திருப்போர் யார்? பன்னிரண்டு வயதுக்குட்பட்ட பிள்ளைகள். அவர்களை நோக்கி ஒரு சொல்லும் அதில் இல்லை என்பதை நாம் உணர்ந்தோமா என்பதே என் ஐயம்.

எங்கள் வட்டாரத்தைப் பற்றிச் சிறிது கூறுதல் வேண்டும். முன்னர் பத்தாங் பெர்ஜுந்தை என வழங்கிப் பின்னர் பெஸ்தாரி ஜெயா எனப் பெயர் மாறிய ஊரின் அருகே தென்னமரம் தோட்டம் உள்ளது. இந்நாட்டின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் 1917இல் அங்கேதான் உருவாயிற்று. அதனைத் தோற்றுவித்த ஹென்றி ஃபோகோனியே என்ற பிரெஞ்சுத் துரை, 1930இல் மலாயா வாழ்வைப் பொருளாகக் கொண்டு எழுதிய நாவலுக்காகப் பிரான்சின் கோன்கூர் பரிசைப் பெற்றார். செம்பனைக்குப் பெயர்பெற்ற தோட்டத்துக்குத் தமிழில் தென்னையின் பெயர் அமைந்ததையும், அத்தென்னையிலிருந்தே இந்நாட்டுக் கள் இறக்கப்பட்டதையும் எண்ணும்போது எனக்குச் சிரிப்பும் வரும், வேறொன்றும் வரும். எங்கள் மண் உலக இலக்கியத்துள் நுழைந்தது ஒரு துரையின் கைபிடித்து. நம்மவர் நம்மைப் பற்றி எழுதத் தொடங்கியபோது, அவர்கள் பிடித்துக்கொண்டது வேறொரு கை.

அது தமிழகத்து மதுவிலக்குக் கதையின் கை என்பது என் கருத்து. 1929இல் திருச்செங்கோடு காந்தி ஆசிரமத்திலிருந்து இராஜாஜி 'விமோசனம்' என்னும் மதுவிலக்கு இதழை நடத்தினார். கல்கி அதன் துணையாசிரியராக இருந்தார். மதுவின் கேட்டை எளிய மக்களுக்குக் கதையாகச் சொல்லும் முறை அங்கே நன்கு பழகியது. 1937இல் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கு வந்தபோது அம்முயற்சிக்குப் பயனும் கிட்டியது. பிற்காலத்தில் நாடகமேடையும் திரைப்படமும் அதே வார்ப்பை எடுத்துக்கொண்டன. கூலி வாங்கிய கணவன் நேரே கடைக்குப் போவான். மனைவியின் தாலி அடகுக்குப் போகும். குழந்தை பசியால் அழும். இறுதியில் ஒரு சாவு, அல்லது ஒரு மனமாற்றம். இவ்வார்ப்பு பொய்யன்று. நம் தோட்டங்களில் அது நாள்தோறும் நடந்தது. ஆனால், வார்ப்பு என்பது உள்ளே ஊற்றப்படுவதற்கு வடிவம் தருவதோடு, அதற்குள் அடங்காததை வெளியே தள்ளியும் விடுகிறது.

வெளியே தள்ளப்பட்டவன் எங்கே இருக்கிறான் என்பதைக் கதைப் போட்டிகளுக்கு நடுவராக அமர்ந்தபோது கண்டுகொண்டேன். கதையின் முற்பகுதியில் அவன் ஐந்து வயதுக் குழந்தை. தந்தை அடிக்கும்போது தாயின் சேலைக்குள் ஒளிகிறான். அடுத்து மூன்று நட்சத்திரக் குறிகள். 'பதினைந்து ஆண்டுகள் உருண்டோடின' என்று ஒரு வரி. இப்பொழுது அவன் மருத்துவனாகிவிட்டான், அல்லது தந்தையைப் போலவே குடிகாரனாகிவிட்டான். எப்படி ஆனான்? அந்த மூன்று நட்சத்திரங்களுக்குள்தான் ஆனான். பத்து வயதிலும் பன்னிரண்டு வயதிலும் பதினான்கு வயதிலும் அவனுக்கு நேர்ந்தவையெல்லாம் அங்கே புதைந்து கிடக்கின்றன. ஆசிரியர்களாகிய நாம் அன்றாடம் வகுப்பறையில் காணும் வயதும் அதுவே.

வரலாற்றிலும் இதே குறை உண்டோ எனில், வரலாறு கதையைக் காட்டிலும் சற்று மேல் எனலாம். 1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது, கூலி உயர்வோடு கள்ளுக்கடைகளை மூடவேண்டும் என்பதும், பிள்ளைகளுக்குக் கல்வி வசதி வேண்டும் என்பதும், துரையைக் கண்டால் மிதிவண்டியிலிருந்து இறங்கும் இழிவு ஒழியவேண்டும் என்பதும் கோரிக்கைகளாக இருந்தன. அவர்களை முன்னின்று நடத்திய ஆர். எச். நாதன், 'தமிழ் நேசன்' நாளிதழில் பணியாற்றிய எழுத்தாளர். அவர் கைதானார், படை வந்தது, தொழிலாளர் சிலர் சுடப்பட்டு மாண்டனர். போருக்குப் பின் கெடா மாநிலத்தில் தொண்டர் படை இளைஞர்கள் கள்ளுக்கடை மறியலில் இறங்கினர். 1947இல் பீடோங்கில் காவலருடன் மோதல் மூண்டது. கள்ளுக்கடையும் பள்ளிக்கூடமும் ஒரே கோரிக்கைத் தாளில் நின்றதை நான் பெரிதாக மதிக்கிறேன். எழுத்தறிவு குறைந்த அம்மக்கள் கண்ட தொடர்பை, எழுதத் தெரிந்த நாம் கதையில் விட்டுவிட்டோம்.

இனி என் குற்றத்தைச் சொல்கிறேன். 1990களின் தொடக்கத்தில் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் கட்டுரை திருத்தும் முறை எங்களுக்குக் கற்பிக்கப்பட்டது. முன்னுரை, கருத்து விளக்கம், முடிவுரை, மரபுத்தொடர், பழமொழி, பிழையின்மை என்று ஒவ்வொன்றுக்கும் புள்ளி உண்டு. அம்முறையில் நான் தேர்ந்தவன். 2009ஆம் ஆண்டு என் ஆறாம் ஆண்டு வகுப்பில் ஒரு மாணவன் 'மதுவின் தீமைகள்' என்ற தலைப்பில் எழுதிய கட்டுரையைச் சபை கூடலில் படித்துக் காட்டினேன். குடி குடியைக் கெடுக்கும் என்று தொடங்கி, குறளோடு முடிந்த கட்டுரை. அதில் அவன் கண்ட ஒன்றும் இல்லை. நான் கொடுத்தவை அனைத்தும் இருந்தன.

அதே வகுப்பில் இன்னொரு மாணவன், 'என் வீட்டில் ஒரு நாள்' என்ற தலைப்பில் இப்படி எழுதியிருந்தான்: ஞாயிற்றுக்கிழமை அப்பா சீக்கிரம் தூங்கிவிட்டார். போத்தலில் கொஞ்சம் இருந்தது. நானும் தம்பியும் குடித்தோம். தம்பிக்குச் சிரிப்பு வந்தது. பிறகு நாங்கள் துணி மடித்தோம்.

இந்த ஐந்து வாக்கியங்களையும் சிவப்பு மையால் அடித்து, ஓரத்தில் 'தேவையற்ற செய்தி' என்று எழுதினேன். முப்பதாண்டுப் பணியில் நான் செய்த திறனாய்வுகளுள் மிகவும் பிழையானது அந்த இரண்டு சொல்தான்.

அவ்வைந்து வாக்கியங்களை இன்று இலக்கியமாக வைத்துப் பார்க்கிறேன். அடைமொழி ஒன்றும் இல்லை. அழுகை இல்லை. தந்தை அடிக்கவில்லை; தூங்குகிறார். குடிப்பது துன்பமாகத் தோன்றவில்லை. தம்பிக்குச் சிரிப்பு வருகிறது. துணி மடித்தார்கள் என்ற கடைசி வாக்கியத்தில் ஒரு குடும்பமே தெரிகிறது. தாய் வேலைக்குப் போயிருக்கிறாள். அவள் வருமுன் மடித்து வைக்கவேண்டிய துணி இருக்கிறது. பொறுப்புள்ள பிள்ளைகள் அவர்கள். கெட்ட பிள்ளைகள் குடிக்கத் தொடங்குகிறார்கள் என்று நாம் எழுதிவைத்திருக்கிறோம். துணி மடிக்கும் பிள்ளைகளும் தொடங்குகிறார்கள். முதல் மிடறு அண்ணன் தம்பிக்குள் ஒரு விளையாட்டாகவும் உறவாகவும் இருக்கிறது. நம் கதைகள் தாங்கிக்கொள்ள மாட்டாத உண்மை இதுவே. மது இனித்தது என்று எழுத நம் எழுத்தாளர்க்கு அச்சம். அந்தச் சிறுவனுக்கு இல்லை.

எட்டு ஆண்டுகள் கழித்து அவன் பள்ளி வாயிலுக்கு வந்தான். மூன்றாம் படிவத்தோடு படிப்பை நிறுத்திவிட்டுச் செம்பனைக் குலை ஏற்றும் லாரியில் வேலை செய்வதாகச் சொன்னான். நண்பகல்கூட ஆகவில்லை, வாடை வீசியது. "வணக்கம் சார், என்னைத் தெரியுதா?" என்றான். கூட நின்ற தம்பி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். எனக்கு அவனைத் தெரிந்தது. சிவப்பு மையும் நினைவுக்கு வந்தது.

இளவயதுக் குடி எங்கே தொடங்குகிறது என்பதை எங்கள் பக்கத்தில் யாரும் ஆராய்ந்து அறியவேண்டியதில்லை. கடைக்கு ஓடிப்போய் வாங்கி வரும் பணி பிள்ளையுடையது. திருவிழா இரவிலும், எட்டாம் துக்கத்திலும், தீபாவளியன்று விருந்தினர்க்கு ஊற்றிக் கொடுக்கும்போதும், 'ஒரு வாய் குடிடா, ஆம்பளைதானே' என்று சொல்லும் மாமன் ஒருவர் எப்போதும் இருப்பார். கள் இருந்த இடத்தில் மலிவான சம்சு வந்தது. கள்ளைவிடப் பன்மடங்கு கடுமையானது. சிறு போத்தலில் அடைத்து விற்றதால் அது சட்டைப்பையிலும் புத்தகப்பையிலும் அடங்கியது. இந்நாட்டில் மது விற்பதற்கான வயது வரம்பு 18லிருந்து 21 ஆக உயர்ந்தது 2017 டிசம்பர் முதல்தான். கலப்பு மதுவை 700 மில்லிலிட்டருக்குக் குறைந்த போத்தலில் விற்கக்கூடாது என்ற விதியும் அத்திருத்தத்தோடு வந்தது. நல்ல விதி. சட்டம் எழுதியவர் போத்தலின் அளவைப் பார்த்திருக்கிறார். கதை எழுதியவர் பார்க்கவில்லை.

விளைவுகளையும் சொல்லவேண்டும். 1997இல் அமெரிக்காவில் வெளியான புகழ்பெற்ற ஆய்வொன்று, 15 வயதுக்கு முன் குடிக்கத் தொடங்கியோருள் ஏறத்தாழ 40 விழுக்காட்டினர் வாழ்நாளில் ஒரு கட்டத்தில் மதுவுக்கு அடிமையானதாகவும், 20 வயதுக்குப் பின் தொடங்கியோருள் அது ஏறத்தாழ 10 விழுக்காடாக இருந்ததாகவும் காட்டிற்று. மூளை இருபது வயதைக் கடந்தும் வளர்கிறது. தன்னடக்கத்துக்கு உரிய பகுதிகளே இறுதியில் முதிர்கின்றன. 2017இல் நம் சுகாதார அமைச்சு 13 முதல் 17 வயது மாணவரிடையே நடத்திய கணக்கெடுப்பில், ஏறத்தாழப் பத்தில் ஒருவர் அண்மையில் மது அருந்தியிருந்தது தெரியவந்தது. திங்கட்கிழமை முதல் பாடவேளையில் தலையைச் சாய்க்கும் மாணவனை நாம் சோம்பேறி என்கிறோம். தமிழ்ப்பள்ளியை முடித்துப் புகுமுக வகுப்பில் மொழி புரியாமல் திணறுபவனை மக்கு என்கிறோம். அந்த ஓராண்டில்தான் பலர் கூட்டாளிகளோடு போத்தலைப் பிடிக்கிறார்கள் என்பதை ஒரே வட்டாரத்தில் இத்தனை ஆண்டு இருந்து பார்த்த நான் சொல்ல முடியும்.

எழுத்தாளர் சங்கக் கூட்டமொன்றில் இக்கருத்தைக் கூறியபோது, நண்பர் ஒருவர் மறுத்தார். "சிறுவன் குடிப்பதை எழுதினால் சிறுவர்க்கு நாமே கற்றுக்கொடுத்ததாகும். மேலும் தோட்டத்துத் தமிழன் குடிகாரன் என்று பிறர் பேசும் பேச்சுக்கு நாமும் சான்று கொடுக்கவேண்டுமா?" என்றார். இரண்டாவது கேள்வியை நான் எளிதாகத் தள்ளமாட்டேன். அப்பழிச்சொல் எங்களைச் சுட்ட சொல்; பல தோட்டங்களில் கள்ளுக்கடையை நடத்திய நிர்வாகங்களே தொழிலாளியைக் குடிகாரன் என்று ஏசியதும் நாமறிந்ததே. ஆனால், அப்பழிச்சொல்லுக்கு உரம் போட்டது நாம் வழக்கமாக எழுதும் அந்தத் தந்தையின் உருவம் அல்லவா? ஒவ்வொரு கதையிலும் அவன் தள்ளாடி வருகிறான். கள்ளுக்கடைக்குக் கணக்குப் பார்த்தவன் கதையில் இல்லை. வயது கேளாமல் போத்தலைச் சிறுவன் கையில் கொடுத்த கடைக்காரன் இல்லை. 'தேவையற்ற செய்தி' என்று எழுதிய ஆசிரியனும் இல்லை. சிறுவனை எழுதினால் இவர்களையும் எழுதியே ஆகவேண்டும். முதல் கேள்விக்கு விடை, அந்தப் பையன் எந்தக் கதையையும் படித்துக் குடிக்கவில்லை என்பதே.

தோட்டங்கள் துண்டாடப்பட்டு, லயங்கள் இடிக்கப்பட்டு, மக்கள் மலிவுவிலை அடுக்குமாடிகளுக்கும் தாமான்களுக்கும் பெயர்ந்த பின்னரும், நம் கதைகளில் குடிப்பவன் இன்னும் பால்வாளியோடு வருகிறான். அந்தப் பழைய உருவத்தின் மீது நமக்கு ஒருவகைப் பாசமே உண்டாகிவிட்டது என எண்ணுகிறேன். இன்று அடுக்குமாடியின் படிக்கட்டுக்குக் கீழே அமர்ந்திருக்கும் நால்வரின் பேச்சை எழுத, எழுதுபவர் அங்கே சற்று நேரம் நிற்கவேண்டியிருக்கும்.

கடந்த ஆண்டு ஐந்தாம் ஆண்டு மாணவர்க்குக் கட்டுரைத் தலைப்பாக 'கடைக்குச் சென்றேன்' என்பதைக் கொடுக்கச் செய்தேன். பழமொழி வேண்டா, முடிவுரை வேண்டா, வாங்கியதையும் விலையையும் எழுதினால் போதும் என்றோம். பத்தொன்பது பேர் எழுதினர். மூவரின் பட்டியலில் அரிசி, சீனி, முட்டைக்குக் கீழே போத்தலின் பெயரும் விலையும் இருந்தன. ஒருவன் மட்டும் கூட்டலில் முப்பது காசு பிழை செய்திருந்தான். அதை மட்டும் திருத்தினேன். அன்று மாலை அம்மூன்று வீடுகளுக்கும், பிறகு அந்தக் கடைக்கும் போனேன்.