மொழிக்கிளையும் மக்கள் பெயரும்

ஒரு மொழியை எந்தக் குடும்பத்தில் சேர்ப்பது என்பது அறிஞர் தீர்க்க வேண்டிய வினா. அம்மொழியைப் பேசுவோரை எப்பெயரால் அழைப்பது என்பது அம்மக்களே தீர்க்க வேண்டிய வினா. இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்பியதன் விளைவுகளை மொழியாராய்ச்சியின் வரலாற்றிலே பரக்கக் காணலாம். திபெத்திய-பர்மிய மொழிக் குடும்பத்தின் போடோ-காரோக் கிளையைப் பற்றி எழுந்த நூல்கள் இதற்குச் சிறந்த சான்றாகும்.

பிரமபுத்திராச் சமவெளியிலும் காரோ மலைகளிலும் திரிபுராவிலும் வழங்கும் மொழிகளைப் பற்றி ஊவாவின் ஒரு மூலையிலிருந்து எழுதுவானேன் என்று வாசகர் வினவக்கூடும். காரணங்கள் இரண்டு. இம்மொழிகள் ஒருகாலத்தில் தமிழின் பெயரைச் சுமந்து நின்றன என்பது ஒன்று. அம்மக்களின் வரலாற்றிலும் நம் வரலாற்றிலும் தேயிலை வேரோடியிருக்கிறது என்பது மற்றொன்று.

நேபாளத்தில் ஆங்கிலேய அரசின் பிரதிநிதியாக இருந்தவர் பிரையன் ஹொட்ஜ்சன். கோச், போடோ, திமால் ஆகிய மூன்று மக்களைப் பற்றி 1847 ஆம் ஆண்டில் அவர் ஒரு நூல் வெளியிட்டார். சொற்களையும் இலக்கணத்தையும் வாழ்க்கை முறைகளையும் பொறுமையோடு தொகுத்தார். எழுத்தில்லாத மக்களின் பேச்சும் ஆராய்ச்சிக்கு உரியதே என்று காட்டினார். இது அவர் செய்த தொண்டு. ஆயின் ஆரியரல்லாத இந்தியப் பழங்குடிகள் அனைவரையும் அவர் 'தமுலியர்' என்னும் ஒரே சொல்லுக்குள் அடக்கினார். தமிழின் பெயரிலிருந்து பிறந்த அச்சொல், தமிழைக் கேட்டறியாத போடோ உழவர் மீதும் ஏற்றப்பட்டது.

கால்டுவெல் 1856 ஆம் ஆண்டில் தமது ஒப்பிலக்கணத்தை வெளியிட்டபோது தென்னக மொழிகளுக்குத் 'திராவிடம்' என்னும் பெயரைத் தெரிந்தெடுத்தார். வடமொழி நூல்களிலிருந்து எடுக்கப்பட்ட அப்பெயரும் மக்கள் தாமாக இட்டுக்கொண்டதன்று. எனினும் ஒரு மொழியின் பெயரைக் குடும்பம் முழுவதற்கும் ஏற்றும் குழப்பத்தை அது தவிர்த்தது. போடோ-காரோ மொழிகளோ திபெத்திய-பர்மியக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்பது நிலைபெற்றது. 'தமுலியர்' என்னும் சொல்லைக் கண்டு, இமயமலைச் சாரல்வரை தமிழ் பரவியிருந்தது பாரீர் என்று மகிழும் மனப்பாங்கு நம்மிடையே முற்றாக மறைந்துவிடவில்லை. பிறர் செய்த தவற்றைப் பெருமையாகக் கொள்வது ஆராய்ச்சியாகாது. அது போடோ மக்களுக்குச் செய்யும் அநீதியுமாகும்.

இக்கிளை மொழிகளின் உறவை அறிய நீரைக் குறிக்கும் சொல்லே போதும். டிமாசாவில் 'டி', போடோவில் 'டொய்', திரிபுராவின் கொக்பொரொக்கில் 'தொய்', காரோவில் 'ச்சி'. டிஹிங், டிசாங் என அசாமின் ஆற்றுப் பெயர்கள் பலவற்றின் முதலில் இந்த நீர்ச்சொல் நிற்கிறது. டிமாசா என்னும் பெயருக்கே 'பெரிய ஆற்றின் மக்கள்' என்பது பொருள். அரசுகள் மாறின, ஆட்சிமொழிகள் மாறின, ஆறுகளோ பழைய பேச்சை விடவில்லை. இத்தகைய உண்மைகளை வெளிக்கொணர்வதே மொழியியலின் சிறப்பு. அதை நாம் குறைத்து மதிப்பிடவில்லை.

ஆயின் பெயரிடும் கட்டத்தில் நிலைமை வேறாகிவிடுகிறது. போடோக்களை அயலார் 'கச்சாரி' என்றனர். காரோக்கள் தம்மை 'ஆச்சிக்' என்றே சொல்லிக்கொள்வர். திரிபுராவின் மலைவாழ் மக்களது மொழிப் பெயரில் 'கொக்' என்பது மொழி, 'பொரொக்' என்பது மனிதர். மனிதரின் மொழி என்பதே அவர்கள் தம் மொழிக்கு இட்ட பெயர். பேசுவோரின் வாயில் வழங்கிய பெயர்கள் இவை. அலுவலகப் பதிவேடுகளில் ஏறியவை வேறு.

இனி, கிரியர்சனின் இந்திய மொழிக் கணக்கெடுப்புக்கு வருவோம். அதன் மூன்றாந் தொகுதியின் இரண்டாம் பகுதி, போடோ, நாகா, கச்சின் குழுக்களை எடுத்துக்கூறுவது, 1903 இல் வெளிவந்தது. நோர்வே நாட்டறிஞர் ஸ்டென் கொனோவின் உழைப்பு அதில் மிகுதி. ஒவ்வொரு மொழிக்கும் மாதிரியாக விவிலியத்தின் கெட்ட குமாரன் கதை மொழிபெயர்க்கப்பட்டது. அத்துடன் அவ்வம் மக்களின் கதை அல்லது உரைப்பகுதி ஒன்றும், குறித்த சொற்களும் வாக்கியங்களும் கொண்ட பட்டியலும் கேட்கப்பட்டன. ஒரே கதை நூற்றுக்கணக்கான மொழிகளில் கிடைப்பதால் ஒப்பீடு எளிதாகும் என்பது உண்மையே. இம்முறையின் பயனை எவரும் மறுக்கமாட்டார்.

ஆனால் அக்கதையின் உட்பொருளைச் சற்று நோக்குக. செல்வந்தத் தந்தை, சொத்தைப் பிரித்துக்கொண்டு போய் அழித்துவிட்டுத் திரும்பும் மகன், தந்தையின் வீட்டில் கூலிக்காரர்கள். பசியால் வாடும் மகன் அக்கூலிக்காரரை நினைக்கிறான். அவர்களுள் ஒருவனாகவேனும் இருக்கலாமே என்று எண்ணுகிறான். கூலிக்காரரோ கதை முழுவதிலும் வாய் திறப்பதில்லை. ஒரு மக்களின் பேச்சைப் பதிவுசெய்ய எடுத்த கதையில் கூலிக்காரர் பேசுவதேயில்லை என்பதை நாம் மனங்கொள்ள வேண்டும்.

அக்கூலிக்காரர் உண்மையில் பேசியிருந்தனர். 1839 இல் அசாம் கம்பனி தோன்றியது. அதன் தோட்டங்களிலே தொடக்கத்தில் வேலை செய்தவர்களுள் கச்சாரித் தொழிலாளர் முக்கியமானோர். 1859 ஆம் ஆண்டில் அவர்கள் கூடுதல் ஊதியம் கேட்டு வேலைநிறுத்தம் செய்தனர். பின்னர் சோட்டா நாக்பூர் முதலிய தூர இடங்களிலிருந்து ஆட்கள் பெருந்தொகையாகக் கொண்டுவரப்பட்டனர். மண்ணோடு உறவுள்ள தொழிலாளி வேலையை விட்டுத் தன் வயலுக்குத் திரும்பலாம். தூரத்திலிருந்து வந்தவனுக்கு லயத்தைவிட்டால் போக்கிடமில்லை. தமிழகத்து வறிய கிராமங்களிலிருந்து கண்டிச்சீமைக்கு வந்த நம் முன்னோர்க்கு இந்தக் கணக்கு நன்கு தெரியும்.

கணக்கெடுப்பில் மாதிரியாக நின்ற பேச்சு இலக்கிய மொழியாக உயர்ந்தது எங்ஙனம்? அறிஞரின் அங்கீகாரத்தால் அன்று. பள்ளியாலும் அச்சாலும் அமைப்பாலும். 1945 டிசம்பரில் திரிபுராவில் தசரத தேவ் முதலிய இளைஞர்கள் ஜனசிக்ஷா சமிதியைத் தோற்றுவித்தனர். மன்னராட்சி எழுத்தறிவைக் கொண்டுசெல்லாத மலைக்குடிகளில் நூற்றுக்கணக்கான பள்ளிகள் மக்களின் உழைப்பால் எழுந்தன. 1952 இல் பசுகாவில் போடோ சாகித்திய சபை பிறந்தது. 1963 இல் தொடக்கப் பள்ளிகளில் போடோ போதனாமொழியாயிற்று. 1979 இல் கொக்பொரொக் திரிபுராவின் அரசகரும மொழிகளுள் ஒன்றாயிற்று. 2003 ஆம் ஆண்டின் அரசியலமைப்புத் திருத்தம் போடோவை எட்டாம் அட்டவணையில் சேர்த்தது. 2011 குடிசன மதிப்பீட்டின்படி அதைத் தாய்மொழியாகக் கொண்டோர் 14 இலட்சத்து 82 ஆயிரத்துக்கு மேற்பட்டோர். ரோமன் எழுத்து வேண்டுமென 1974 இல் எழுந்த கிளர்ச்சியில் உயிர்கள் பலியாயின. 1975 இல் தேவநாகரி ஏற்கப்பட்டது. ஒவ்வோர் அடியும் விலை கொடுத்தே வைக்கப்பட்டது.

இவ்வரலாற்றை வெற்றிக்கதையாக மட்டும் சொல்லி முடிப்பது நேர்மையாகாது. 1996 இலும் 2014 டிசம்பரிலும் போடோ ஆயுதக் குழுவினர் ஆதிவாசி மக்களைத் தாக்கினர். பலர் கொல்லப்பட்டனர், பெருந்தொகையானோர் அகதிகளாயினர். அந்த ஆதிவாசிகளுள் தேயிலைக்காகக் கொண்டுவரப்பட்டோரின் வழித்தோன்றல்களும் அடங்குவர். 1859 இல் வேலைநிறுத்தம் செய்தவர்களின் சந்ததியும், அவர்களுக்குப் பின் தோட்டத்துக்குக் கொண்டுவரப்பட்டவர்களின் சந்ததியும் எதிரெதிரே நிறுத்தப்பட்டன. தன் பெயரைத் தானே இட்டுக்கொள்ளும் உரிமை, அடுத்திருப்பவனை 'வந்தேறி' என்று பெயரிடும் அதிகாரமாக மாறும்போது முற்போக்குத் தன்மையை இழந்துவிடுகிறது. அந்தச் சொல்லின் கொடுமையை மலையகத்தார் அறிவர். ஆதலால் இதைச் சொல்லும் கடமையும் நமக்குண்டு.

நம் மக்கள் 1911 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீடு முதலாக 'இந்தியத் தமிழர்' எனத் தனியே எண்ணப்பட்டனர். 1948 இல் குடியுரிமை பறிபோயிற்று. 1964 இல் இரு நாட்டுப் பிரதமர்கள் செய்த ஒப்பந்தம் 5,25,000 பேர் அங்கே, 3,00,000 பேர் இங்கே, 1,50,000 பேர் பின்னர் பார்க்கலாம் என்று பங்கிட்டது. 'மலையகத் தமிழர்' என்பது அம்மக்கள் தாமே தெரிந்துகொண்ட பெயர். பெயரை வலியுறுத்தும் நாம் அம்மக்களின் பேச்சுக்கு என்ன மதிப்புத் தருகிறோம்?

இங்கே பிறரைக் குறைகூறும் முன் நம்மையே குறைகூற வேண்டியிருக்கிறது. வெலிமடைப் பகுதியில் தோட்டத்துப் பிள்ளைகளுக்குத் தமிழ் கற்பிக்கும் நாம், சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மாணவியின் கட்டுரையைத் திருத்தினோம். 'அம்மாவுக்கு இன்றைக்கு அரைப்பேர்தான்' என்று அவள் எழுதியிருந்தாள். 'அரைப்பேர்' என்பதைச் சிவப்பு மையால் அடித்து, 'பாதி ஊதியம்' என்று எழுதினோம். இலக்கணப்படி நாம் எழுதியதில் பிழையில்லை. பொருளில் பெரும்பிழை இருந்தது. பறிக்க வேண்டிய கொழுந்தின் நிறை குறைந்தால் அந்நாள் முழு நாளாகக் கணக்கில் ஏறாது. ஏடு குறித்துக்கொள்ளும் அந்த வேலைநாளுக்குத் தொழிலாளர் இட்ட பெயரே 'பேர்'. உழைத்தவள் முழுமனுஷி; கணக்கில் அவள் பாதி. இவ்வளவையும் ஒரு சொல்லில் அடக்கிய பேச்சை நாம் கொச்சை என்று ஒதுக்கினோம்.

பிரட்டு, லயம், கவ்வாத்து, நிரை, மட்டக்கம்பு என எத்தனை சொற்கள்! சி. வி. வேலுப்பிள்ளை மலைநாட்டு மக்களின் பாடல்களைத் தொகுத்து வழிகாட்டினார். அப்பணி பாடல்களோடு நின்றுவிடலாகாது. ஓர் அறிஞர் வந்து மாதிரிக் கதை கேட்கும்வரை நாம் காத்திருக்க வேண்டியதில்லை. போடோ மக்களும் திரிபுரா மலைமக்களும் தம் பேச்சைத் தாமே பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுசென்றனர். தோட்டப் பள்ளி ஒவ்வொன்றிலும் ஆசிரியர் ஒருவர், மாணவர் வீட்டிலிருந்து கொண்டுவரும் சொற்களைப் பொருளோடு எழுதிவைக்க ஒரு கொப்பியை ஒதுக்கினாற் போதும். செம்மொழி நடையை மாணவர்க்குக் கற்பிப்போம். அது அவர்களின் உரிமை. அதற்காக அவர்களின் தாயார் பேசும் மொழியைச் சிவப்பு மையால் அடிக்க வேண்டியதில்லை. தேயிலைச் செடிகளின் நடுவே உழைப்பவளுக்கு ஏட்டிலே அரைப்பேர் போடப்படுவதைத் தடுக்கும் வலிமை இன்று நம் பேனாவுக்கு இல்லாதிருக்கலாம். இலக்கியத்திலாயினும் அவளுக்கு முழுப்பேர் போடும் பொறுப்பு நம்முடையது.