பேச்சை மெட்டாக்கிய ரையன் கயப்யப்

1954ஆம் ஆண்டு மணிலாவில் பிறந்த பிலிப்பைன்ஸ் இசையமைப்பாளர் ரையன் கயப்யப்பின் இசைவாழ்வை மதிப்பிடுவோர் பெரும்பாலும், 1978இல் மெட்ரோபாப் பாட்டுப் போட்டியில் அவர் பெற்ற வெற்றியில் தொடங்கி, பக்கவாத்தியம் ஏதுமின்றித் தம் குரலையே பல தடங்களில் பதிந்து அடுக்கிய ‘ஒன்’ இசைத்தட்டைப் புகழ்ந்து, 2018இல் கிடைத்த தேசியக் கலைஞர் பட்டத்தோடு நிறுத்திக்கொள்வர். ஆயினும் அவருடைய கலையின் உச்சம், லாய் அர்செனாஸ் இயக்கி 2017இல் வெளிவந்த ‘ஆங் லராவான்’ திரைப்படத்திலேயே உள்ளது.

நிக் வாகீன் ஆங்கிலத்தில் எழுதிய நாடகத்தை ரோலாண்டோ தினியோ பிலிப்பினோ மொழியில் பாட்டுவடிவாக்க, அதற்குக் கயப்யப் அமைத்த இசை 1997இல் மேடையேறி, இருபது ஆண்டுகளுக்குப் பின் திரைக்கு வந்தது. 1941இல், போர் மூள்வதற்குச் சற்று முன், மணிலாவின் பழைய கோட்டை நகரான இன்ட்ராமூரோஸில், தந்தை தீட்டிய ஓவியத்தை விற்க மறுக்கும் கந்திதா, பவுலா என்னும் சகோதரியரின் கதை இது.

இப்படத்தில் வியக்கத்தக்கவை உருக்கமான தனிப்பாடல்களைவிடச் சண்டைகளே. மணமாகிப் பிரிந்து சென்ற அண்ணனும் அக்காளும் வீட்டை விற்க வந்து, சரவிளக்கு யாருக்கு, பளிங்கு மேசை யாருக்கு என்று வாதிடும் அற்பப் பூசல்கூட இங்கே இசையாகிறது. அசையழுத்தம் இடம் மாறினால் சொல்லின் பொருளே மாறிவிடும் பிலிப்பினோ மொழியில், பேச்சின் ஏற்ற இறக்கம் சிதையாமல் மெட்டமைப்பது எளிதன்று. கயப்யப் சொல்லை மெட்டுக்கு வளைக்காமல், மெட்டைச் சொல்லின் பின்னே நடக்கவிடுகிறார். மூன்றெண்ணிக்கைத் தாளத்தில் மைனரில் தொடங்கி மேஜருக்கு மாறும் குண்டிமான் என்னும் காதற்பாடல் மரபையும், பேச்சும் பாட்டும் கலந்த சர்சுவெலா என்னும் இசைநாடக மரபையும் உள்வாங்கியவருக்கே இது கைகூடும்.

ஜார்ஜ் கன்சேகோ, வில்லி குரூஸ் ஆகியோர் 1980களில் அமைத்த தலைப்புப் பாடல்களின் காலமே பிலிப்பைன்ஸ் திரையிசையின் பொற்காலம் என்று கொள்வாருண்டு. அப்பாடல்களின் இனிமை மறுக்கத்தக்கதன்று. எனினும், படத்திலிருந்து பிரித்தெடுத்தாலும் குறைவின்றி வாழும் பாடல், படத்திற்கு எவ்வளவு இன்றியமையாதது என்னும் வினா எஞ்சுகிறது. ‘ஆங் லராவானி’ன் பூசலைத் தனியே எடுத்து வானொலியில் ஒலிபரப்பினால் பாதிப் பொருள் போய்விடும், திரையிசைக்கு அதுவே தகுதி.

முன்பே புகழ்பெற்ற பாடலின் பெயரைப் படத்திற்குச் சூட்டி, அப்பாடலையே பல இடங்களில் நிரப்பிக்கொள்ளும் வழக்கம் இன்று பெருகிவிட்டதால், காட்சிக்கென இசை எழுதும் பொறுமை அருகிவருகிறது. மெட்ரோ மணிலா திரைப்பட விழாவில் வெளியான சில நாட்களுக்குள் ‘ஆங் லராவானை’ நீக்கிய அரங்குகள் இருந்தன. அது சிறந்த பட விருதை வென்ற பின்னரே அரங்குகள் கூடின. அப்பொறுமை அருகியதற்கு இசையமைப்பாளரை மட்டும் குறைகூறுவது முறையன்று என்பதற்கு இதனினும் தெளிவான சான்று தேவையில்லை.