தோற்ற முகத்தின் அழகு

வழிதவறிய விளம்பரங்களிலும் கலை உண்டு. வீடியோ கேம் உலகில் அந்த வகையில் நான் முதலிடம் தருவது, 1998இல் ஜப்பானில் டிரீம்காஸ்ட் கருவிக்காக சேகா நிறுவனம் எடுத்த தொலைக்காட்சி விளம்பரங்களுக்குத்தான்.

அவற்றில் ஒன்றில் சிறுவர்கள் பேசிக்கொள்கிறார்கள். சேகாவா, அது படு மட்டம், பிளேஸ்டேஷன்தான் ஜோர், வா, வீட்டுக்குப் போய் அதையே ஆடலாம். இதைக் கேட்டு இடிந்துபோகிறார் கோட்டு சூட்டு போட்ட ஒரு நடுவயதுக்காரர். அவர் நடிகர் அல்லர். ஹிதேகாசு யுகாவா, சேகாவின் நிஜமான மூத்த இயக்குநர்.

அந்த முகத்துக்காகவே இதைத் திரும்பத் திரும்பப் பார்க்கலாம். தேர்ந்த நடிகர் என்றால் வருத்தத்தை அளந்து காட்டியிருப்பார். யுகாவாவுக்கு அந்த வித்தை தெரியாது. அலுவலகத்திலேயே முதிர்ந்த அந்த முகம் அப்படியே வாடிவிடுகிறது. டிரீம்காஸ்டுக்கு முந்தைய சாட்டர்ன் கருவிக்கு சேகா நிறுத்திய நாயகன் செகாட்டா சன்ஷிரோ, விளையாடாதவர்களைத் தூக்கி எறியும் ஜூடோ வீரன். ஹிரோஷி ஃபுஜியோகா நடித்த அந்தப் பாத்திரம் ரகளையானது, மறக்க முடியாதது. அடிக்கிறவனை அனுப்பிவிட்டு அடிபட்டவரைக் கொண்டுவந்து நிறுத்தினார்களே, அந்தத் துணிச்சலை என்னவென்று சொல்வது!

ஆனால் விளம்பரமாக இது தப்புக் கணக்கு. வகுப்பில் நண்பர்கள் என்ன சொல்வார்களோ என்று பயந்துதான் பிள்ளைகள் எந்தக் கருவி வேண்டும் என்று முடிவு செய்கிறார்கள். அந்தப் பயத்தை சேகா தன் காசிலேயே உரக்கச் சொன்னது, போட்டியாளரின் பெயரோடு. டிரீம்காஸ்டுக்குள்ளேயே மோடம் இருந்தது, இணையத்தில் இணையலாம். அன்றைக்கு அது பெரிய சங்கதி. அந்தக் காட்சியில் அதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. ஜனங்கள் மனிதரை நேசித்தார்கள், இயந்திரத்தை அல்ல.

நவம்பர் 27 அன்று கருவி கடைக்கு வந்தபோது கிராபிக்ஸ் சிப் தட்டுப்பாட்டால் போதிய சரக்கே இல்லை. அதற்கும் யுகாவாதான் பலி: அடுத்து வந்த விளம்பரத்தில் அவருக்குப் பதவியிறக்கம். தன் சரிவையே தொடர்கதையாக்கிய நிறுவனம் வேறெதையும் எனக்குத் தெரியாது. கருவியின் அட்டைப்பெட்டியில்கூட அவர் முகத்தை அச்சிட்டார்கள். 1999இல் ‘முன்னாள்’ இயக்குநர் யுகாவாவின் புதையல் வேட்டை என்று ஒரு விளையாட்டே வந்தது.

2000 மார்ச்சில் பிளேஸ்டேஷன் 2 வந்தது. மறு ஆண்டு ஜனவரியில், டிரீம்காஸ்ட் தயாரிப்பை நிறுத்துவதாக சேகா அறிவித்தது. விளம்பரம் மட்டும் காரணமல்ல, கடனும் போட்டியும் பெரியவை. அந்தக் காலத்தில் விற்பனையில் வென்ற விளம்பரங்கள் எத்தனையோ. ஒரு நிர்வாகியை இவ்வளவு மனிதராகக் காட்டிய ஒன்றை அவற்றில் நான் பார்த்ததில்லை.